பூனைக்கு மணி கட்டிய கதை



போன வாரம் வெள்ளச்சியின் படம் போட்டிருந்தேன் அல்லவா? கழுத்தில் சிவப்புப் பட்டையோடு ஜன்னலில் உட்கார்ந்திருந்த படம். "சார், எங்க வீட்டுப் பூனைக்கு பெல்ட் மாட்டினால் உருண்டு புரண்டு ரகளை பண்ணுது. உங்க பூனை மட்டும் எப்படி சமர்த்தா இருக்கு?" என்று 1994 செட் மாணவி ஒருத்தி கேட்டிருந்தாள். ஒரு வரியில் பதில் போடலாம் என்றுதான் உட்கார்ந்தேன். 34 வருஷம் வரலாறு நடத்தியவன் கை ஒரு வரியில் நிற்குமா? பதிவு கொஞ்சம் நீளம். காபியை வைத்துக்கொண்டு பொறுமையாகப் படியுங்கள்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். வெள்ளச்சி சமர்த்தாக இல்லை. நான்தான் முதலில் மடத்தனமாக நடந்துகொண்டு, பிறகு அவளிடம் பாடம் கற்றுக்கொண்டேன்.

வெள்ளச்சி என் மனைவி வளர்த்த பூனை. மழைநாளில் கொல்லைப்புறத்து விறகுக்கட்டைக்கு நடுவில் கிடந்த குட்டியைத் தூக்கி வந்து, இங்க் ஃபில்லரில் பால் கொடுத்து ஆளாக்கினாள். அவள் போய் இரண்டு வருஷம் ஆகிறது. போன ஜூன் மாதம் ஊர் வீட்டைப் பூட்டிவிட்டு மகனோடு சென்னைக்கு வந்தபோது, கூடையில் வைத்துக் கூட்டி வந்தது வெள்ளச்சியை மட்டும்தான். இங்கே மூன்றாவது மாடி. ஒரே வளாகத்தில் 3 பிளாக். கேஸ்காரர் வந்தாலும் கூரியர் வந்தாலும் கதவு திறந்திருக்கும். "அப்பா, இது வெளியே போனா எந்தக் கதவுன்னு தெரியாம தவிக்கும். பெல்ட் போட்டு அதுல போன் நம்பர் எழுதிடுங்க" என்றான் மகன். நியாயமாகத்தான் பட்டது.

கடையில் இருந்ததிலேயே கெட்டியான பட்டையை வாங்கினேன். அறுந்துவிடக் கூடாது பாருங்கள், அதனால். துண்டால் சுற்றி மடியில் அமுக்கி, மாட்டியும் விட்டேன். வெள்ளச்சி பின்பக்கமாகவே நடந்தாள். தரையோடு தரையாகப் பதுங்கினாள். பக்கவாட்டில் சரிந்து விழுந்தாள். பேத்தி அழுதாள். "ரெண்டு நாள்ல எல்லாம் பழகிடும், கழட்டாதே" என்றேன், வகுப்பில் பேசுகிற அதே குரலில்.

மறுநாள் விடியற்காலை வாஷிங் மெஷினுக்குப் பின்னால் ஒரு முனகல். போய்ப் பார்த்தால், பட்டையைக் கழற்ற முன்காலை உள்ளே விட்டிருக்கிறாள். கால் அதன் வழியாக வெளியே வந்து அக்குளில் இறுகிக்கிடந்தது. ராத்திரி முழுவதும் அப்படியே இருந்திருப்பாள் போல. கத்தரிக்கோலால் வெட்டி எடுப்பதற்குள் என் கையெல்லாம் ரத்தம். அவள் அக்குளிலும் தோல் உரிந்துபோயிருந்தது. கால்நடை மருத்துவர் மருந்து போட்டுவிட்டு, "இன்னும் ஒரு நாள் கவனிக்காம விட்டிருந்தா ஆழமா அறுத்திருக்கும் சார்" என்றார். அதற்குப் பிறகு பத்து நாள் நான் நுழைந்த அறையிலிருந்து அவள் எழுந்து போய்விடுவாள். அவள் ஞாபகமாக வீட்டில் உயிரோடு இருப்பது இந்த ஒரு ஜீவன்தான். அதுவும் என்னைக் கண்டு ஓடியது.

அந்தப் பத்து நாளில் தூக்கம் வராமல் உட்கார்ந்து, பூனைக் கழுத்தைப் பற்றிய வரலாற்றைத் தேடிப் படித்தேன். அதைத்தான் உங்களுக்குச் சொல்லப்போகிறேன்.

மனிதனும் பூனையும் சேர்ந்ததற்கு மிகப் பழைய சான்றுகளில் ஒன்று சைப்ரஸ் தீவில் கிடைத்தது. சுமார் 9500 ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு புதைகுழியில் மனித எலும்புக்கூடு. அதன் பக்கத்திலேயே, ஒரு முழத்துக்கும் குறைவான தூரத்தில், ஒரு பூனையின் எலும்புக்கூடு. பிரெஞ்சு ஆய்வாளர்கள் 2004-இல் வெளியிட்டார்கள். மேற்கு ஆசியாவில் விவசாயம் தொடங்கி, களஞ்சியத்தில் தானியம் சேர்ந்தது. தானியத்தைத் தேடி எலி வந்தது. எலியைத் தேடி பூனை வந்தது. நாயை நாம் வேட்டைக்குக் கூட்டிப் போனோம், மாட்டை ஏரில் பூட்டினோம். பூனை தானாக வந்து, தனக்கு வேண்டியதைப் பிடித்துத் தின்றது. கயிறு கட்டி இழுத்து வர வேண்டிய தேவையே அன்றைக்கு இல்லை.

பூனையின் கழுத்தில் பட்டையைத் தெளிவாகப் பார்ப்பது எகிப்தில். பழைய தீப்ஸ் நகரம், இன்றைய லக்சர். அங்கே சுமார் 3400 ஆண்டுகளுக்கு முந்தைய கல்லறை ஓவியங்களில் வீட்டு அம்மாள் நாற்காலியில் அமர்ந்திருப்பாள், நாற்காலிக்கு அடியில் பூனை இருக்கும். அப்படிப்பட்ட ஓவியம் ஒன்றில் பூனையின் கழுத்துக் கயிறு நாற்காலிக் காலில் கட்டப்பட்டிருக்கிறது. எதிரே தீனிக் கிண்ணம். எட்டவில்லை. பூனை கயிற்றோடு மல்லுக்கட்டுகிறது. ஓவியன் வேடிக்கைக்காகத்தான் வரைந்திருப்பான். வாஷிங் மெஷின் சம்பவத்துக்குப் பிறகு எனக்கு அது வேடிக்கையாகத் தெரியவில்லை.

அதே காலத்தில் மூன்றாம் அமன்ஹோதெப் என்ற மன்னரின் மூத்த மகன் துத்மோஸ் ஒரு பூனை வளர்த்தான். அது இறந்தபோது அதற்கென்றே சுண்ணாம்புக் கல்லில் ஒரு சவப்பெட்டி செய்ய வைத்தான். படையல் மேசைக்கு முன்னால் பூனை கம்பீரமாக உட்கார்ந்திருப்பதுபோல அதில் செதுக்கியிருக்கிறார்கள். கழுத்தில் ஒரு துணி கட்டியிருக்கிறது. பூனையின் பெயர் தா-மியு. அர்த்தம் என்ன தெரியுமா? "பெண்பூனை". அவ்வளவுதான். வெள்ளையாக இருந்ததால் வெள்ளச்சி என்று நாம் வைக்கிறோமே, அதே மாதிரி. பட்டத்து இளவரசன் வீட்டிலும் பூனைக்குப் பெயர் வைக்கிற விதம் இப்படித்தான் இருந்திருக்கிறது.

லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் சுமார் 2600 ஆண்டுகள் பழமையான வெண்கலப் பூனை ஒன்று இருக்கிறது. காதில் தங்க வளையம், மூக்கிலும் தங்க வளையம், மார்பில் வெள்ளி வேலைப்பாடு. படத்தைப் பார்த்த பேத்தி, "தாத்தா, பூனைக்கு மூக்குத்தி!" என்றாள். அது சிலை, பாஸ்தெத் என்ற பூனைத் தெய்வத்தின் வடிவம். வீட்டுப் பூனை செத்தால் அந்த வீட்டார் புருவத்தைச் சிரைத்துக்கொண்டு துக்கம் காத்தார்கள் என்று கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதியிருக்கிறார்.

ஆனால் இன்னொரு பக்கமும் உண்டு. பின்னாளில் கோயில்களுக்கு நேர்ந்துவிடும் காணிக்கையாகப் பூனை மம்மிகளை விற்றார்கள். எக்ஸ்ரே எடுத்துப் பார்த்தபோது அவற்றில் பல, கழுத்து முறிக்கப்பட்ட இளம் பூனைகள் என்று தெரிந்தது. ஒரே தேசம். ஒரு பூனையின் கழுத்துக்குத் துணி கட்டினார்கள், இன்னொரு பூனையின் கழுத்தை முறித்தார்கள். கும்பிடுவது வேறு, அந்த ஜீவனைக் கவனிப்பது வேறு என்று அதைப் படித்தபோது தோன்றியது.

இப்போது உங்களுக்குப் பழக்கமான ஒரு பாடத்துக்கு வருகிறேன். பத்தாம் வகுப்பில் பெரனிகே என்று கரும்பலகையில் எழுதிப் போட்டது யாருக்காவது ஞாபகம் இருக்கிறதா? செங்கடல் கரையில் இருந்த எகிப்தியத் துறைமுகம். நம் மேற்குக் கரையிலிருந்து, சேர நாட்டு முசிறியிலிருந்து, மிளகு ஏற்றிய கப்பல்கள் போய் நின்ற ஊர். அங்கே ஒரு கோயிலில், இந்தியாவில் செய்த பெரிய ஜாடி ஒன்றில் ஏழரைக் கிலோ மிளகு அப்படியே கிடைத்தது. தமிழ் பிராமி எழுத்து பொறித்த பானை ஓடும் அங்கே கிடைத்திருக்கிறது.

அந்தப் பெரனிகேயில்தான், ஊருக்கு வெளியே ஒரு குப்பை மேட்டுக்கு அடியில், வளர்ப்புப் பிராணிகளின் இடுகாடு ஒன்று கண்டுபிடிக்கப்பட்டது. கி.பி. 1, 2ஆம் நூற்றாண்டுகளைச் சேர்ந்தது. மார்த்தா ஒசிபின்ஸ்கா என்ற போலந்து ஆய்வாளர் 2021-இல் விரிவாக வெளியிட்டார். 585 பிராணிகள். பத்தில் ஒன்பதுக்கு மேல் பூனைகள். மம்மி ஆக்கவில்லை, கழுத்தை முறிக்கவில்லை. தூங்குவதுபோலப் படுக்க வைத்து, சிலவற்றைத் துணியால் மூடி, சிலவற்றின் மேல் பானை ஓட்டை வைத்துப் புதைத்திருக்கிறார்கள். சில பூனைகளின் கழுத்தில் இரும்புப் பட்டை. சிலவற்றுக்குக் கண்ணாடி மணியும் சிப்பியும் கோத்த மாலை. இந்தியாவிலிருந்து கப்பலில் போன குரங்குகளும் அந்த இடுகாட்டில் இருக்கின்றன. பல்லெல்லாம் போன கிழட்டுப் பிராணிகளும் இருக்கின்றன. மென்று தின்ன முடியாத ஜீவனுக்கு யாரோ ஒருவர் தினமும் பக்குவம் பண்ணி ஊட்டியிருக்கிறார். குடிக்கிற தண்ணீருக்கே கஷ்டப்பட்ட பாலைவன ஊரில் இதைச் செய்திருக்கிறார்கள். நம் மிளகு மூட்டையை இறக்கிய கைகளில் ஏதோ ஒன்று அந்த மாலையைக் கோத்திருக்கலாம். அந்த இரவு எனக்கு மனசு கொஞ்சம் லேசானது.

எகிப்திலிருந்து கிழக்கே, ஜப்பானுக்குப் போவோம். அங்கே பூனை சீனா வழியாக வந்த அபூர்வப் பொருள். அதனால் அரண்மனைப் பூனைகளைக் கயிற்றில் கட்டியே வளர்த்தார்கள். சுமார் 1000ஆம் ஆண்டில் அரண்மனையில் பணிபுரிந்த சேய் ஷோனகன் என்ற பெண்மணி தன் குறிப்புகளில் ஒரு பூனையை ரசித்து எழுதியிருக்கிறார். சிவப்புக் கழுத்துக் கயிறு, அதில் வெள்ளை அட்டை. ஆயிரம் வருஷத்துக்கு முன்பே பெயர் அட்டை! இச்சிஜோ பேரரசர் தன் பூனைக்கு அரசவைப் பதவியே கொடுத்தார். அதே காலத்தில் முராசாகி ஷிகிபு எழுதிய கென்ஜி கதையில், ஓடிய பூனையின் கயிறு சிக்கி மூங்கில் திரை தூக்கிக்கொள்கிறது. உள்ளே இருந்த இளவரசியை ஓர் இளைஞன் பார்த்துவிடுகிறான். அந்த ஒரு பார்வை பல பேர் வாழ்க்கையைக் குலைத்துவிடுகிறது. எல்லாம் ஒரு பூனைக் கயிறு செய்த வேலை.

அப்புறம் ஊரில் எலி பெருகியது. கட்டிப்போட்ட பூனை எலி பிடிக்குமா? 1602-இல் கியோட்டோ நகரில், பூனைகளை எல்லாம் கயிறு அவிழ்த்து விடவேண்டும், விற்கவோ வாங்கவோ கூடாது என்று அரசாணை போட்டார்கள். இதை வைத்து ஒரு வேடிக்கைக் கதையும் பிறந்தது. எலிகள் ஒரு துறவியின் கனவில் வந்து, "இனி நாங்கள் பிழைப்பது எப்படி?" என்று புலம்பினவாம். பூனையின் விடுதலைக்கு அரசாணை போட்ட ஊர் வேறு எங்காவது உண்டா என்று எனக்குத் தோன்றியது.

எலி என்றதும் உங்களுக்கு நினைவுக்கு வருவது நம் ஊர்ப் பழமொழிதான். பூனைக்கு யார் மணி கட்டுவது? இதை ஈசாப் கதை என்று நானே வகுப்பில் சொல்லியிருக்கிறேன். திருத்திக்கொள்ளுங்கள். பழைய கிரேக்கத் தொகுப்புகளில் இந்தக் கதை இல்லை. 13ஆம் நூற்றாண்டில் ஓடோ என்ற இங்கிலாந்துப் பாதிரியார் லத்தீனில் எழுதியதுதான் நமக்குத் தெரிந்த பழைய வடிவங்களில் ஒன்று. அடுத்த நூற்றாண்டில் வில்லியம் லாங்லண்ட் என்ற கவிஞர் எலிகளின் சபையைத் தன் நீண்ட கவிதையில் சேர்த்து, மன்னரையும் பிரபுக்களையும் கிண்டலடித்தார். கதையில் எலிகள் எல்லாம், யார் போவது, யாருக்குத் தைரியம் என்று மட்டுமே விவாதிக்கின்றன. பூனையைச் சம்மதிக்க வைக்கலாமே என்று ஒரு எலிக்கும் தோன்றவில்லை. எனக்கும் தோன்றவில்லை.

மணியால் பலன் உண்டா என்றால், உண்டு. 2002-இல் ஸ்காட்லாந்து ஆய்வாளர்கள் 21 பூனைகளுக்கு மணி கட்டியும் கட்டாமலும் பார்த்தார்கள். மணி கட்டியபோது வீட்டுக்குத் தூக்கி வந்த இரை கிட்டத்தட்டப் பாதியாகக் குறைந்தது. பட்டையைப் பற்றி 2010-இல் அமெரிக்காவில் ஓர் ஆய்வு வந்தது. 538 பூனைகளுக்குப் பட்டை மாட்டி 6 மாதம் கவனித்தார்கள். ஏறத்தாழ 73 சதவீதம் கடைசிவரை அணிந்திருந்தன. ஆக, பழகவே பழகாது என்பது தப்பு. ஆனால் 18 பூனைகளுக்கு முன்காலோ வாயோ பட்டையில் சிக்கியது, அல்லது பட்டை எதிலாவது மாட்டிக்கொண்டது. நூற்றுக்கு மூன்று. அந்த மூன்றில் ஒன்று எங்கள் வீட்டு வாஷிங் மெஷினுக்குப் பின்னால் இருந்தது.

சரி, வெள்ளச்சிக்கு எப்படிப் பழக்கினேன் என்பதைச் சொல்கிறேன். கேள்வி கேட்ட பெண் இங்கிருந்து படித்தாலும் போதும்.

பட்டையை மாற்றினேன். வேகமாக இழுபட்டால் தானே கழன்றுகொள்ளும் கொக்கி வைத்த பட்டை கிடைக்கிறது. பூனைக்கு அதுதான் சரி. கம்பியிலோ கிளையிலோ மாட்டினால் பட்டை போய்விடும், பூனை பிழைக்கும். நாய்க்குப் போடும் பக்கிள் பட்டையும், இழுவை எலாஸ்டிக்கும் வேண்டாம்.

புண் நன்றாக ஆறிய பிறகுதான் ஆரம்பித்தேன். முதல் நாலு நாள் பட்டையை அவள் படுக்கும் இடத்தில், என் மனைவியின் பழைய நூல் சேலை மேல், சும்மா போட்டு வைத்தேன். முகர்ந்து பார்த்தாள். பிறகு அதன்மேலேயே தலை வைத்துப் படுத்தாள். அடுத்து சாப்பாட்டுத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். பட்டை வந்தால் மீன் வரும் என்று அவளுக்குக் கணக்குப் புரிந்தது. அதன்பிறகு சாப்பிடும்போது கழுத்தில் பட்டையைத் தொட்டுத் தொட்டு எடுத்தேன், மாட்டவில்லை.

இரண்டாம் வாரம் சாப்பிடும் நேரம் மட்டும் மாட்டி, சாப்பிட்டு முடிக்கும் முன்பே கழற்றினேன். மாட்டியதும் பேத்தி நூலில் காகிதப் பந்தைக் கட்டி விளையாட்டுக் காட்டுவாள். கவனம் அங்கே போய்விடும். பின்பக்கமாக நடந்தாலோ, கீழே பதுங்கினாலோ, அன்றைக்கு அவ்வளவுதான். திட்டுவதும் இல்லை, அமுக்குவதும் இல்லை. மறுநாள் ஒரு படி கீழே இறங்கித் தொடங்குவோம். 5 நிமிஷம், 15 நிமிஷம், ஒரு மணி நேரம் என்று கூட்டினோம். ஆள் பக்கத்தில் இல்லாமல் முதல் சில வாரம் மாட்டவே இல்லை. பட்டைக்கும் கழுத்துக்கும் நடுவில் இரண்டு விரல் நுழைய வேண்டும். அதற்கு மேல் தொளதொளவென்று இருந்தால்தான் கால் உள்ளே போகும். பயந்து லூசாக விடுவதும் ஆபத்து என்று நான் அனுபவப்பட்டுத் தெரிந்துகொண்டேன். குட்டியாக இருந்தால் வளர வளர வாரம் ஒருமுறை பார்க்க வேண்டும். பெயர் அட்டை இலேசாக இருக்கட்டும். மணியைக் கடைசியில்தான் சேர்த்தேன். பால்கனிக்கு வரும் மைனாக்களுக்காக.

மொத்தம் ஐந்து வாரம் ஆனது. முதலில் நான் கொடுத்த கெடு இரண்டு நாள்.

இதை எழுதும்போது ஒரு பையனின் முகம் வந்துகொண்டே இருக்கிறது. 1980களில், ஆறாம் வகுப்பு. இடது கையால் எழுதுவான். முத்து முத்தான கையெழுத்து. வலது கைக்கு மாற்றியே தீருவேன் என்று ஒரு பருவம் முழுக்க அவன் இடது கையைப் பெஞ்சில் அழுத்தி வைத்திருக்கச் சொன்னேன். "ரெண்டு நாள்ல பழகிடும்" என்று அவனிடமும் சொன்னேன். அதற்குப் பிறகு அவன் என் வகுப்பில் கை தூக்கியதே இல்லை. தம்பி, நீ இந்தப் பதிவைப் படிக்கிறாய் என்று எனக்குத் தெரியும். பிறந்தநாளுக்கு வாழ்த்து அனுப்பத் தவறியதில்லை நீ. அன்றைக்கு நான் செய்தது தப்பு. காலம் கடந்து சொல்கிறேன், மன்னித்துக்கொள்.

கடைசியாக ஒரு சேதி சொல்லி முடிக்கிறேன். போன செவ்வாய்க்கிழமை மத்தியானம் வாட்ச்மேன் போன் பண்ணினார். "சார், உங்க நம்பர் போட்ட பூனை பெல்ட் மொட்டை மாடிக் கம்பியில மாட்டிக்கிட்டு இருக்கு. பூனையைக் காணோம்." எனக்குக் கை கால் ஓடவில்லை. செருப்புக்கூடப் போடாமல் மாடிக்கு ஓடினேன். தண்ணீர்த் தொட்டிக்கு அடியில், ஏசி பெட்டிக்குப் பின்னால், எல்லாம் தேடினோம். இல்லை. மூச்சு வாங்க வீட்டுக்கு வந்து பார்த்தால், கழுத்தில் ஒன்றும் இல்லாமல், அந்த நூல் சேலை மேல் சுருண்டு தூங்கிக்கொண்டிருக்கிறாள் வெள்ளச்சி. கொக்கி கழன்று அவளை விட்டிருக்கிறது. அவளுக்கு வீட்டுக் கதவும் அடையாளம் தெரிந்திருக்கிறது.

சாயங்காலம் பட்டையைத் துடைத்து, தட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு உட்கார்ந்தேன். கொஞ்ச நேரம் கழித்து அவளே வந்து என் முழங்காலில் தலையை முட்டினாள். மாட்டினேன். பேசாமல் நின்றாள்.

உங்கள் வீட்டுப் பூனைகளின் பெயரைக் கீழே எழுதுங்கள். தா-மியு மாதிரி வெறும் "பூனை" என்று கூப்பிடுபவர்களும் வெட்கப்படாமல் சொல்லலாம்.

அன்புடன்,
உங்கள் வரலாற்று சார்